ரேடார் மேல இருக்கிற வெள்ளைப் பந்து எதுல செஞ்சது? புயல் நேரத்தில் அது ஏன் முக்கியம்?

சென்னை துறைமுகக் கட்டடத்தின் உச்சியில் ஒரு பெரிய வெள்ளைப் பந்து இருக்கு. தூரத்தில் இருந்து பார்த்தா தண்ணீர் டேங்க் மாதிரி தெரியும். உள்ளே இருப்பது வானிலை மையத்தின் டாப்ளர் ரேடார். வெளியே தெரியும் அந்தப் பந்துக்குப் பெயர் ரேடோம். காற்று, மழை, உப்புக்காற்று, வெயில் எதுவும் ஆன்டெனா மீது படாமல் காப்பதுதான் அதன் வேலை.

அது உடைஞ்சா என்ன ஆகும்? 2017 செப்டம்பர் 20-ம் தேதி மரியா புயல் போர்ட்டோ ரிக்கோவைத் தாக்கியபோது, அங்கிருந்த வானிலை ரேடாரின் ரேடோம் பிய்ந்து போனது. உள்ளே இருந்த ஆன்டெனாவும் தப்பவில்லை. 2020 ஆகஸ்டில் லாரா புயலின்போது அமெரிக்காவின் லேக் சார்ல்ஸ் ரேடாருக்கும் இதே கதி. புயலைப் பார்க்க வேண்டிய கண்ணையே புயல் பிடுங்கிக்கொண்டது.

அப்போ இரும்பில் கட்டிடலாமே?

கட்டலாம், ஆனா ரேடாருக்குக் கண் தெரியாது. உலோகம் ரேடியோ அலையைத் திருப்பி அடித்துவிடும். விமானத்துக்குப் பயன்படும் கார்பன் ஃபைபர் வலுவானதுதான். ஆனால் அதுவும் மின்சாரத்தைக் கடத்தும் என்பதால் இதற்கு ஆகாது.

அதனால்தான் ஃபைபர் கிளாஸ். கண்ணாடி இழையை எபாக்சி அல்லது பாலியெஸ்டர் பிசினில் ஊற வைத்துச் செய்வது. இங்கே பார்க்க வேண்டிய எண், மின்காப்பு மாறிலி. காற்றுக்கு இது 1. டெஃப்லானுக்கு சுமார் 2. கண்ணாடி இழைப் பலகைக்கு 4-ஐ ஒட்டி வரும். எண் கூடக் கூட, அலை உள்ளே நுழையாமல் திரும்பும் பங்கும் கூடும். குவார்ட்ஸ் இழைக்கு இது 3-ஐ ஒட்டித்தான். ஆனா விலை எக்கச்சக்கம். அதனால் போர் விமானங்களின் மூக்கில்தான் அதை அதிகம் பார்க்கலாம்.

தடிமன் விஷயம் இன்னும் சுவாரஸ்யம். துறைமுக ரேடார் எஸ்-பேண்ட். அலைநீளம் சுமார் 10 செ.மீ. பள்ளிக்கரணையில் இருப்பது எக்ஸ்-பேண்ட்; சுமார் 3 செ.மீ. மாறிலி 4 உள்ள பொருளுக்குள் அலைநீளம் பாதியாகக் குறையும். சுவரின் தடிமன் அந்தக் குறைந்த அலைநீளத்தில் சரிபாதி இருந்தால், முன்பக்கமும் பின்பக்கமும் திரும்பும் அலைகள் ஒன்றையொன்று அடித்துக்கொண்டு காணாமல் போகும். கணக்குப் போட்டா எக்ஸ்-பேண்டுக்கு முக்கால் செ.மீ. சுவர் போதும். எஸ்-பேண்டுக்கோ இரண்டரை செ.மீ. வேணும். பெரிய பந்துக்கு அவ்வளவு கனமா? தாங்காது. அதனால் இரண்டு மெல்லிய ஃபைபர் கிளாஸ் தகடுகளுக்கு நடுவே லேசான ஃபோமை வைத்து சாண்ட்விச் மாதிரி செய்கிறார்கள். எடை குறைவு, வலுவும் உண்டு.

இதில் தண்ணீர் புகுந்தா போச்சு. தண்ணீரின் மாறிலி 80-ஐ ஒட்டி இருக்கும். ஃபோமுக்குள் ஈரம் ஏறினாலும் சரி, வெளியே மழைநீர் படலமாகப் படிந்தாலும் சரி, அலை அங்கேயே மடங்கும். குறிப்பாக எக்ஸ்-பேண்டுக்கு இது பெரிய தலைவலி. போகும்போது 20 சதவீதம் இழப்பு, திரும்பும்போது இன்னொரு 20 என்று வைத்துக்கொள்ளுங்கள். மிஞ்சுவது 64 சதவீதம்தான். அதைத் திருத்தாமல் கணக்கிட்டால், கொட்டித் தீர்க்கும் மழை திரையில் சாதாரண மழையாகத் தெரியும். ஆபத்து அங்கேதான்.

இதற்குத்தான் மேலே தாமரை இலை மாதிரி நீர் ஒட்டாத பூச்சு அடிக்கிறார்கள். வெயிலும் தூசியும் பட்டு சில வருஷத்தில் அது மங்கிவிடும். கழுவணும், திரும்ப அடிக்கணும். கடையில் கிடைக்கும் பெயின்ட்டை அடித்துவிட முடியாது. அலுமினியத் தூள் கலந்த பெயின்ட் ஒரு கோட் அடித்தால் போதும், ஃபைபர் கிளாஸ் பந்து இரும்புப் பந்து மாதிரி ஆகிவிடும்.