தகரச் சீட்டும் தபாலாபீஸ் பாஸ்போர்ட்டும்

2017ஆம் ஆண்டு ஜனவரித் திங்களில், மைசூரிலும் குஜராத்தைச் சேர்ந்த தாகோத் என்னும் ஊரிலும் உள்ள தபாலாபீஸ்களில் பாஸ்போர்ட்டுக்கு விண்ணப்பம் பெறும் ஏற்பாட்டை இந்திய சர்க்கார் தொடங்கினர். அது பின்னர்த் தமிழ்நாட்டு ஊர்கள் உட்பட நாடெங்கும் பரவி, 400க்கு மேற்பட்ட தபாலாபீஸ்களை எட்டியுள்ளது. இதனை நிர்வாக வசதிகளுள் ஒன்றெனக் கருதிப் பலர் விட்டுவிடுவர். கடல் கடந்து வந்த தொழிலாளரின் பேரன் பேத்திகளாகிய நாம் அங்ஙனம் விட்டுவிடுதற்கில்லை. நம் முன்னோர் எத்தகைய சீட்டைக் கொண்டு கப்பலேறினர் என்பதை நினைவுகூர்ந்தாலன்றி இதன் அருமை விளங்காது.

மலாய் நாட்டுத் தோட்டங்களுக்கு ஒப்பந்தத் தொழிலாளராக வந்தோர், ஒப்பந்த காலம் முடியுமுன் தோட்டத்தை விட்டு நீங்கின் தண்டனைக்கு உள்ளாயினர். அம்முறை 1910ஆம் ஆண்டில் ஒழிந்தது. அதன்பின் ஓங்கி நின்றது கங்காணி முறை. கங்காணி தன் ஊருக்குச் சென்று உற்றாரையும் ஊராரையும் திரட்டி, ஆவடியிலோ நாகப்பட்டினத்திலோ இருந்த முகாமிற்கு அழைத்து வருவான், அங்கிருந்து கப்பல். 1938ஆம் ஆண்டில் இந்திய சர்க்கார் தடை விதிக்கும் வரையில் இதுவே நம்மவர் வந்த வழி. இலங்கைக்குச் சென்றோர் நிலையோ இன்னும் கொடிது. 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில், தோட்டத்தின் எண்ணும் ஆளின் எண்ணும் பொறித்த தகரச் சீட்டொன்றைக் கழுத்தில் அணிந்து அவர்கள் பிரயாணம் செய்தனர். பிஜித் தீவிற்குச் சென்றோரின் சீட்டில் பெயர், தந்தை பெயர், வயது, ஜாதி, ஊர், உயரம், அங்க அடையாளம் ஆகிய யாவும் எழுதப்பட்டன.

இச்சீட்டுகள் யாருடைய நன்மைக்காக ஏற்பட்டன? சென்றவனுடைய நன்மைக்காகவா? அன்று. ஆட்களை எண்ணிக் கொடுப்பவனும் எண்ணி வாங்குபவனும் கணக்கில் தவறாதிருத்தற் பொருட்டே அவை ஏற்பட்டன. ஏழை விண்ணப்பம் செய்யவில்லை. அவனைப் பற்றிப் பிறர் எழுதிக்கொண்டனர். தபாலாபீஸ் என்பது ஊருக்கு மணியார்டர் அனுப்பும் இடமென்ற அளவிலேயே அவனுக்குத் தெரிந்திருந்தது.

இனி, பாஸ்போர்ட்டின் வரலாற்றைச் சிறிது நோக்குவோம். இன்று நாம் காணும் பாஸ்போர்ட் புத்தகம் முதல் உலக யுத்தத்தின் விளைவு. 1920ஆம் ஆண்டில் பாரிஸ் நகரிற் கூடிய மகாநாடே நாடுகள் அனைத்திற்கும் பொதுவான 32 பக்கப் புத்தகத்தை வகுத்தது. அதே ஆண்டில், இந்தியாவிற்குள் வருவோரிடம் பாஸ்போர்ட் கேட்கும் அதிகாரத்தை அளிக்கும் சட்டம் அங்கு இயற்றப்பட்டது. ஆனால் வெளியே செல்ல விரும்பும் குடிமகனுக்குப் பாஸ்போர்ட் அளித்தே தீரவேண்டும் என்று கூறும் சட்டம் எதுவும் இல்லை. சுதந்திரம் பெற்ற பின்னும் இருபது ஆண்டுகள் இந்நிலை நீடித்தது. கொடுப்பதும் மறுப்பதும் சர்க்காரின் விருப்பம். கேட்பவன் கைகட்டி நிற்க வேண்டியதே.

இந்நிலையை மாற்றியது ஒரு வழக்கு. சத்வந்த் சிங் சாஹ்னி என்னும் வியாபாரியிடம் பாஸ்போர்ட்டைத் திருப்பித் தருமாறு அதிகாரிகள் கேட்க, அவர் இந்திய உச்ச நீதிமன்றத்தை அடைந்தார். வெளிநாடு செல்லும் உரிமை ஒருவனது சொந்தச் சுதந்திரத்தைச் சேர்ந்தது. சட்டமின்றி அதனைத் தடுத்தல் ஆகாது என்று தலைமை நீதிபதி சுப்பாராவ் உள்ளிட்ட மூவர் 1967 ஏப்ரலில் தீர்ப்பளித்தனர். மற்ற நீதிபதிகள் இருவர் மாறுபட்டனர். அவ்வாண்டு ஜூன் மாதத்திலேயே பாஸ்போர்ட் சட்டம் பிறந்தது. 1978ஆம் ஆண்டில் மேனகா காந்தி வழக்கில், சட்டம் இருந்தால் மட்டும் போதாது, அது வகுக்கும் முறையும் நியாயமானதாக இருத்தல் வேண்டும் என்று அந்நீதிமன்றம் மேலும் கூறிற்று.

உரிமை ஏட்டில் ஏறிவிட்டது. எனினும் ஏட்டிலுள்ள உரிமை ஏழையின் வாயிலுக்கு வந்து சேர வேண்டாவோ? தமிழ்நாட்டில் சென்னை, திருச்சி, மதுரை, கோயம்புத்தூர் ஆகிய பெருநகரங்களிலேயே பாஸ்போர்ட் காரியாலயங்கள் உள்ளன. கிராமவாசி அங்குச் சென்று திரும்புவதாயின் நாட்கூலி போகும். பஸ் சத்தம் போகும். வழி தெரியாமையால் தரகனுக்கும் அழ நேரும். தபாலாபீஸ் ஏற்பாடு இத்தொல்லையைப் பெரிதும் குறைத்தது. விண்ணப்பத்தை இணையவழியே பூர்த்தி செய்து, கட்டணம் செலுத்தி, குறித்த நாளில் மூலப் பத்திரங்களுடன் செல்ல வேண்டும். அங்கே புகைப்படமும் கைரேகையும் எடுக்கப்படும். பாஸ்போர்ட் வழங்கும் அதிகாரம் பாஸ்போர்ட் அதிகாரிக்கே உரியது. போலீஸ் விசாரணையும் உண்டு. முடிவில் தபாற்காரரே அதனை வீட்டிற்குக் கொண்டுவந்து தருவார். விண்ணப்பத்தில் பெயரின் முன்னெழுத்தை மட்டும் எழுதினால் ஏற்கமாட்டார்கள். விரித்து எழுத வேண்டும். தமிழர் பலர் தந்தையின் பெயரை அங்கு எழுதுகின்றனர். பிஜிச் சீட்டில் ஜாதிக்கென ஒதுக்கிய இடம் இதில் இல்லை என்பதை நேயர்கள் கவனிப்பார்களாக.

ஆயினும் பழைய தகரச் சீட்டின் நிழல் முற்றும் மறைந்துவிடவில்லை. 1983ஆம் ஆண்டுக் குடியேற்றச் சட்டத்தின் வழிவந்த விதிகளின்படி, பத்தாம் வகுப்புத் தேறாதவரின் பாஸ்போர்ட்டில், வேலைக்குச் செல்லுமுன் சோதனை வேண்டும் என்னும் குறிப்பு இடம்பெற்றது. அச்சோதனைக்குரிய நாடுகளின் பட்டியலில் மலேசியாவும் ஒன்று. எழுத்தறியாதவரை ஏமாற்றுவோரிடமிருந்து காப்பதே இதன் நோக்கம் என்பர். நோக்கம் நன்றே. ஆனால் 2018 ஜனவரியில், அத்தகையோருக்கு ஆரஞ்சு நிற மேலுறை இட்ட பாஸ்போர்ட் தரப்போவதாகச் சர்க்கார் அறிவித்தபொழுது, படித்தவனுக்கு ஒரு நிறம், பாடுபடுபவனுக்கு ஒரு நிறமா என்ற கண்டனம் எழுந்தது. அம்மாத முடிவிற்குள் அத்திட்டம் கைவிடப்பட்டது. பாதுகாப்பு என்பது பத்திரத்தில் இருக்கலாம், நெற்றியில் ஒட்டப்படலாகாது.

இதனால் நாம் அறியவேண்டுவது யாது? பத்திரம் இல்லாதவன் பிறருடைய கணக்கில் ஓர் எண்ணாகவே வாழ்வான். மலேசியாவில் பிறப்புப் பத்திரமும் அடையாளக் கார்டும் இன்றி அல்லற்பட்ட இந்தியரைப் பதிவு செய்தற்கென 2011ஆம் ஆண்டில் தனி இயக்கமே நடத்த வேண்டியிருந்தது. தோட்டத்தில் பிறந்த குழந்தையை அன்றே பதியாமல் விட்ட அலட்சியத்தின் விலையைப் பிள்ளைகள் பள்ளிக்கூட வாயிலிலும் வேலை தேடுமிடத்திலும் கொடுத்தனர். ஆகவே தோழர்களே, பிறந்த குழந்தைக்குப் பெயரிடும் விழாவிற்குச் செலவிடுமுன் அதன் பிறப்பைப் பதிவு செய்யுங்கள். பத்திரங்களைப் பத்திரமாய் வையுங்கள். பிள்ளைகளைப் பள்ளியிலிருந்து இடையில் நிறுத்தாதீர்கள். நம் பாட்டனார் பிறர் எழுதிய சீட்டுடன் கரையேறினார். நம் பேரப்பிள்ளை தன் விண்ணப்பத்தைத் தன் கையாலேயே எழுதட்டும்.