ஓவர்ஸ்பீடு கேஸ்: ஆயிரம் ரூபாயோடு முடிந்துவிடுமா? டெம்போ டிரைவர் முதல் கம்பெனி ஓனர் வரை தெரிந்துகொள்ள வேண்டியவை

முதலிபாளையம் சிட்கோ பக்கம் சாயங்காலம் நாலு மணிக்கு நின்று பாருங்கள். நிட்டிங் முடிந்த துணி டையிங்குக்கு, டையிங் முடிந்தது காம்பேக்டிங்குக்கு, கட்டிங் முடிந்த பீஸ் பிரிண்டிங்குக்கு என்று டெம்போவும் டாடா ஏஸும் ஒன்றின் பின்னால் ஒன்றாக ஓடிக்கொண்டிருக்கும். ஒரு பனியன் பாக்ஸில் ஏறுவதற்குள் குறைந்தது ஐந்தாறு இடம் மாறிவிடும். ஒவ்வொரு இடத்திலும் யாராவது ஒருவர் போனில், "ஏப்பா, அஞ்சு மணிக்குள்ள இறக்கிரு, மிஷின் சும்மா நிக்குது" என்பார். "சரிங்ண்ணா" என்று டிரைவர் வண்டியை எடுப்பார்.

அப்படிப் போகும்போதுதான் ஸ்பீடு கன் பிடிக்கிறது. அல்லது சில நாள் கழித்து செல்போனில் இ-சலான் வருகிறது. பெரும்பாலானவர்கள் சொல்வது ஒன்றுதான்: "ஆயிரம் ரூவாதானே, கட்டிட்டு போயிரலாம்."

ஆயிரம் ரூபாய் என்பது முதல் தடவைக்கான கணக்கு மட்டும்தான்.

எவ்வளவு அபராதம்?

மோட்டார் வாகனச் சட்டம் 1988-ன் 183-வது பிரிவு அதிவேகத்துக்கானது. பழைய சட்டத்தில் முதல் தடவை 400 ரூபாய் வரைதான் அபராதம். 2019-ல் வந்த திருத்தம் அதை மாற்றியது. இலகுரக வாகனம் என்றால் 1,000 முதல் 2,000 ரூபாய் வரை. நடுத்தர, கனரக சரக்கு வாகனம் அல்லது பயணிகள் வாகனம் என்றால் 2,000 முதல் 4,000 வரை. நாடு முழுவதும் அந்தத் திருத்தம் 2019 செப்டம்பர் 1-ல் அமலுக்கு வந்தாலும், தமிழ்நாட்டில் புதிய தொகைகள் வசூலுக்கு வந்தது 2022 அக்டோபரில்தான். பைக், கார் ஓட்டுகிறவர்கள் இங்கே வழக்கமாகக் கட்டுவது 1,000 ரூபாய்.

பவர் டேபிளில் உட்காரும் ஒரு டெய்லருக்கு இது ஏறக்குறைய இரண்டு ஷிப்ட் சம்பளம். ஓவர்ஸ்பீடோடு ஹெல்மெட்டும் இல்லை என்றால் இன்னொரு 1,000. இன்சூரன்ஸ் காலாவதி என்றால் 2,000. லைசென்ஸே இல்லை என்றால் 5,000. வண்டியை ஓரம்கட்டச் சொன்னால் வேகத்தை மட்டும் பார்த்து அனுப்ப மாட்டார்கள் என்பது எல்லோருக்கும் தெரிந்ததுதான்.

எத்தனை கிலோமீட்டர் வேகம் என்ற கேள்விக்கு, அந்த ரோட்டில் இருக்கும் பலகைதான் பதில். மத்திய அரசின் உச்ச வரம்புக்குக் கீழே, உள்ளூர் நிலவரத்தைப் பார்த்து வேகத்தைக் குறைக்க 112-வது பிரிவு மாநில அரசுக்கு அதிகாரம் தருகிறது. அதனால் வாட்ஸ்அப்பில் சுற்றும் பட்டியலைக் காட்டி வாதாடுவதில் பயனில்லை. சரக்கு லாரிகளுக்கு இதோடு இன்னொரு கட்டுப்பாடும் உண்டு. 2015 அக்டோபருக்குப் பிறகு தயாரான, 3,500 கிலோவுக்கு மேல் எடையுள்ள சரக்கு வண்டிகளில் 80 கி.மீ.க்கு மேல் போகாதபடி வேகக் கட்டுப்பாட்டுக் கருவி இருக்க வேண்டும். டேங்கர், டிப்பர், ஸ்கூல் பஸ்ஸுக்கு அது 60. அந்தக் கருவியைக் கழற்றிவிட்டு ஓட்டினால் எஃப்.சி.யிலும் பிரச்னை வரும்.

இரண்டாவது தடவை பிடிபட்டால்?

இங்கேதான் விஷயமே இருக்கிறது. இரண்டாவது தடவைக்கு 183-வது பிரிவு அபராதத்தோடு நிற்கவில்லை. லைசென்ஸையே பறிமுதல் செய்யச் சொல்கிறது. 206(4) பிரிவின்படி போலீஸ் அதை வாங்கி ஆர்.டி.ஓ.வுக்கு அனுப்பும். அங்கே விளக்கம் சொல்ல உங்களுக்கு வாய்ப்பு தர வேண்டும். விளக்கம் ஏற்கப்படவில்லை என்றால், அந்த நடவடிக்கையில் முதல் தடவைக்கு மூன்று மாதம் லைசென்ஸ் முடக்கம். மறுபடியும் அதே தப்பு என்றால் லைசென்ஸ் ரத்து. முடக்கம் முடிந்து திரும்ப வாங்கவும் புத்தாக்கப் பயிற்சி முடித்த பிறகே முடியும்.

மூன்று மாதம் என்பது திடீரென்று முளைத்த எண்ணும் அல்ல. சாலைப் பாதுகாப்புக்காக உச்ச நீதிமன்றம் அமைத்த குழு, 2015-லேயே அதிவேகம், சிக்னல் மீறல், ஓவர்லோடு, சரக்கு வண்டியில் ஆள் ஏற்றுவது, குடித்துவிட்டு ஓட்டுவது, செல்போன் பேசிக்கொண்டு ஓட்டுவது ஆகியவற்றுக்குக் குறைந்தது மூன்று மாதம் லைசென்ஸை முடக்கச் சொல்லி மாநிலங்களுக்கு உத்தரவிட்டது. அந்தப் பட்டியலை இன்னொரு தடவை படித்துப் பாருங்கள். ஷிப்ட் முடிந்த நேரத்தில் திருப்பூர் ரோட்டில் இவற்றில் நாலு சாதாரணமாகக் கண்ணில் படும்.

சொந்த பைக்கில் கம்பெனிக்குப் போகிறவருக்கு மூன்று மாதம் பஸ்ஸில் போவது சிரமம், அவ்வளவுதான். டெம்போ ஓட்டிப் பிழைக்கிறவருக்கு? சனிக்கிழமை சம்பளம் வராத பன்னிரண்டு, பதிமூன்று வாரம். அந்தச் சமயத்தில் "ஒரே ஒரு லோடுதானே" என்று எடுத்தால் 182-வது பிரிவு வரும்: 10,000 ரூபாய் அபராதம், அல்லது மூன்று மாதம் வரை சிறை, அல்லது இரண்டும். அந்த நேரம் விபத்து நடந்தால், இன்சூரன்ஸ் கம்பெனி பாதிக்கப்பட்டவருக்குப் பணத்தைக் கொடுத்துவிட்டு வண்டி ஓனரிடம் திருப்பி வசூலிக்க வழக்கு போடலாம்.

ஆர்.டி.ஓ.வின் உத்தரவு தவறு என்று நினைத்தால் 30 நாளுக்குள் மேல்முறையீடு செய்யலாம். நோட்டீஸ் வந்தும் நேரில் போகாமல் விட்டுவிடுவதுதான் பலர் செய்யும் தப்பு. டிரைவிங் மட்டுமே வருமானம் என்றால் அதை எழுத்தில் சொல்லுங்கள்.

"சீக்கிரம் போ" என்று சொன்னவருக்கு ஒன்றுமில்லையா?

உண்டு. பனியன் தொழிலில் இருப்பவர்களில் இதை அறிந்தவர்கள் குறைவு.

183-வது பிரிவு ஓட்டுகிறவரை மட்டும் குறிவைக்கவில்லை. தன்னிடம் வேலை பார்ப்பவரை, தன் கட்டுப்பாட்டில் இருப்பவரை, வேக வரம்பை மீறி ஓட்டவைக்கிறவருக்கும் அதே தண்டனை என்கிறது. அதே பிரிவின் 4-வது உட்பிரிவு இன்னும் ஒரு படி மேலே போகிறது. இத்தனை மணிக்குள் போய்ச் சேர வேண்டும் என்று ஒருவர் உத்தரவு போடுகிறார். வேக வரம்பை மீறாமல் அந்த நேரத்துக்குள் போகவே முடியாது என்று நீதிமன்றம் கருதுகிறது. அப்போது அந்த உத்தரவே, அதைப் போட்டவர் குற்றம் செய்தார் என்பதற்கு முதல்நிலை ஆதாரம்.

ஒரு கணக்கு போடுவோம். திருப்பூரில் இருந்து தூத்துக்குடி துறைமுகம் 300 கிலோமீட்டருக்கு மேல். பேக்கிங் தாமதமாகி, கன்டெய்னர் கிளம்பவே ராத்திரி ஆகிவிட்டது. "நாலு மணி நேரத்துல போர்ட்ல நிக்கணும்" என்று உத்தரவு. 300 என்று குறைத்து வைத்தாலும் சராசரியாக மணிக்கு 75 கி.மீ. வேண்டும். டீக்கு நிற்கக் கூடாது, டோலில் நிற்கக் கூடாது, ஊருக்குள் வேகம் குறைக்கக் கூடாது. 80-க்கு மேல் போகவே கூடாத வண்டிக்கு இது நடக்கிற காரியமா? அந்த உத்தரவு வாட்ஸ்அப் வாய்ஸ் மெசேஜாக டிரைவர் போனிலேயே இருக்கும்.

இந்த உட்பிரிவில் வழக்கு போட்டதாகக் கேள்விப்படுவது அபூர்வம்தான். அபராதத்தைக் கம்பெனி கட்டிவிடும், அல்லது டிரைவர் சம்பளத்தில் பிடித்துவிடும், கதை முடிந்தது. ஆனால் லைசென்ஸ் முடக்கம் வரை போய்விட்ட ஒரு டிரைவருக்கு, ஆர்.டி.ஓ. முன்னாலும் நீதிமன்றத்திலும் தன் தரப்பைச் சொல்ல அந்த மெசேஜ் உதவும். அழிக்காமல் வைத்திருங்கள்.

கேமரா சொன்னால் அதுவே முடிவா?

"பார்த்தா வேகமா வந்த மாதிரி இருந்துச்சு" என்று ஒரே ஒருவர் சொல்வதை மட்டும் வைத்துத் தண்டிக்க முடியாது. கருவியால் அளந்த அளவு வேண்டும் என்று 183(3) தெளிவாகச் சொல்கிறது. கேமரா வழியாக வரும் கேஸ்களுக்கு 2021 ஆகஸ்டில் மத்திய அரசு தனி விதியே கொண்டுவந்தது. கருவிக்கு ஒப்புதல் சான்றிதழ் வேண்டும், அது ஆண்டுதோறும் புதுப்பிக்கப்பட வேண்டும். கண்காணிப்பு இருக்கும் பகுதி என்று முன்கூட்டியே பலகை வைக்க வேண்டும். நோட்டீஸை 15 நாளுக்குள் அனுப்ப வேண்டும். நம்பர் பிளேட் தெரியும் படம், கருவி காட்டிய வேகம், தேதி, நேரம், இடம், எந்தப் பிரிவு என்பதெல்லாம் அதில் இருக்க வேண்டும்.

இதில் ஏதாவது இடித்தால், உதாரணமாக உங்கள் வண்டி அன்றைக்கு ஷெட்டில் நின்றிருந்தால், அல்லது படத்தில் இருப்பது வேறு வண்டி என்றால், பணம் கட்டாதீர்கள். கட்டினால் ஒப்புக்கொண்டதாக ஆகிவிடும். வழக்கு ஆன்லைன் நீதிமன்றத்துக்குப் போனால், அங்கே எதிர்த்து வாதாடும் விருப்பத்தைத் தேர்வு செய்யலாம். பிறகு வழக்கமான நீதிமன்றத்தில் விசாரணை நடக்கும். அதற்கு லீவு போட வேண்டும், அலைய வேண்டும். வக்கீல் வைத்தால் ஃபீஸ் ஆயிரத்தைத் தாண்டும். நியாயம் நம் பக்கம் இருந்தாலும் பலர் கட்டிவிட்டுப் போவது இதனால்தான். முதல் கேஸ் என்றால் அது புரிந்துகொள்ளக்கூடியது. இரண்டாவது என்றால், கட்டுவதற்கு முன் லைசென்ஸை நினைத்துப் பாருங்கள்.

வேறு யாரோ ஓட்டிய வண்டிக்கு எனக்கு ஏன் வருகிறது?

திருப்பூரில் பைக் கை மாறுவது வேகமாக நடக்கும். ஆர்.சி.யில் பேர் மாறுவது அப்படி இல்லை. ஒடிசாவுக்கோ மதுரைக்கோ ஊர் திரும்புகிறவர், பக்கத்து ரூம் தம்பிக்கு வண்டியைக் கொடுத்துவிட்டுப் போவார். ஃபார்ம் கையெழுத்து போட்டதோடு சரி. TN என்ற எழுத்துக்குப் பின்னால் 39 என்றோ 42 என்றோ இருக்கும் அந்த நம்பர் இன்னமும் பழைய ஓனர் பெயரில்தான் இருக்கும். இ-சலான் அவருக்கே போகும். இப்போது ஓட்டுகிறவருக்கு கேஸ் இருப்பதே தெரியாது.

ஒரே மாநிலத்துக்குள் விற்றால் விற்றவர் 14 நாளுக்குள்ளும், வாங்கியவர் 30 நாளுக்குள்ளும் பதிவு அலுவலகத்துக்குத் தெரிவிக்க வேண்டும் என்பது சட்டம். ஆயிரம் ரூபாய் கேஸ் என்றால்கூடப் போகட்டும் எனலாம். விபத்து என்றால்? பதிவில் யார் பேர் இருக்கிறதோ அவரே ஓனர், நஷ்ட ஈட்டுப் பொறுப்பும் அவருடையதே என்று உச்ச நீதிமன்றம் 2018-ல் தீர்ப்பு சொல்லியிருக்கிறது.

18 வயது ஆகாத பையன் ஓட்டிப் பிடிபட்டால் பெற்றோருக்கோ ஓனருக்கோ 25,000 ரூபாய் அபராதமும் மூன்று ஆண்டு வரை சிறையும் உண்டு. வண்டிப் பதிவு ஓராண்டுக்கு ரத்து. அந்தப் பையனுக்கு 25 வயது வரை லைசென்ஸ் கிடைக்காது.

கட்டாமலே விட்டால்?

ஒன்றும் ஆகாத மாதிரிதான் சில மாதம் இருக்கும். பிறகு எஃப்.சி. காட்டவோ, பேர் மாற்றவோ, வண்டியை விற்கவோ போகும்போது நிலுவையில் உள்ள சலான்கள் எல்லாம் வரிசையாகக் கணினியில் வந்து நிற்கும். பரிவாகனில் வண்டி பிளாக்லிஸ்டில் போய்விட்டால், அதை எடுக்கும் வரை எந்த வேலையும் நகராது. எஃப்.சி. இல்லாமல் டெம்போ ரோட்டில் ஓட முடியாது என்பதால் கமர்ஷியல் வண்டிக்காரர்களுக்கு இதுதான் பெரிய அடி. உங்கள் ஆர்.சி.யில் இருக்கும் செல்போன் நம்பர் இப்போது நீங்கள் வைத்திருக்கும் நம்பர்தானா என்று முதலில் பாருங்கள். பழைய நம்பர் என்றால் மெசேஜ் யாருக்கோ போய்க்கொண்டிருக்கும்.

விபத்து ஆகிவிட்டால் கணக்கே வேறு

2022-ல் இந்தியாவில் சாலை விபத்துகளில் 1,68,491 பேர் இறந்தார்கள். அதில் 71 சதவீத மரணங்களுக்கு மத்திய சாலைப் போக்குவரத்து அமைச்சகம் சொன்ன காரணம் அதிவேகம். அந்த ஆண்டு விபத்து எண்ணிக்கையில் முதலிடம் தமிழ்நாட்டுக்கு: 64,105. உயிரிழந்தவர்கள் 17,884.

வேகமாக ஓட்டி ஒருவர் இறந்தால் 183-வது பிரிவோடு நிற்காது. பாரதிய நியாய சன்ஹிதாவின் 106-வது பிரிவில் ஐந்து ஆண்டு வரை சிறைக்கு இடமுண்டு. ஓட்டியவரே இறந்தால்? 2025 ஜூலையில், கர்நாடகத்தில் வேகமாகக் கார் ஓட்டி இறந்த ஒருவரின் குடும்பம் 80 லட்சம் ரூபாய் கேட்டுத் தொடர்ந்த வழக்கில், விபத்துக்கு அவரது அஜாக்கிரதையே காரணம் என்பதால் நஷ்ட ஈடு கிடையாது என்பதை உச்ச நீதிமன்றமும் உறுதி செய்தது. ஓனரே ஓட்டும் வண்டிக்கான 15 லட்சம் ரூபாய் தனிநபர் விபத்து காப்பீடு தனி விஷயம். அதற்கும் செல்லுபடியாகும் லைசென்ஸ் வேண்டும். பாலிசியில் அது சேர்ந்திருக்கிறதா என்று ஒரு தடவை எடுத்துப் பாருங்கள்.

மிச்சமாகும் நேரத்தையும் பார்ப்போம். 8 கிலோமீட்டர் தூரத்தை 40-ல் போனால் 12 நிமிஷம். 60-ல் போனால் 8 நிமிஷம். மிச்சம் நாலு நிமிஷம், அதுவும் நடுவில் சிக்னல், ஸ்பீடு பிரேக்கர் எதுவும் இல்லாமல் இருந்தால். பிரேக் அடித்து நிற்கத் தேவையான தூரமோ 60-ல் இரண்டே கால் மடங்காகிவிடும். ஈரத் துணி ரோல் ஏற்றிய டெம்போவுக்கு இன்னும் மோசம்.

சலான் மெசேஜ் வந்தால் முதலில் என்ன செய்வது?

வாட்ஸ்அப்பில் "ஆர்.டி.ஓ. சலான்" என்று ஏ.பி.கே. ஃபைல் வந்தால் தொடாதீர்கள். அது போனில் இறங்கிவிட்டால் ஓடிபி முதல் வங்கிக் கணக்கு வரை திருட்டுப் போகும். உண்மையான சலானைப் பார்க்க எந்த ஆப்பையும் மெசேஜில் இருந்து இறக்க வேண்டியதில்லை. பரிவாகன் இ-சலான் தளத்தின் முகவரியை நீங்களே டைப் செய்யுங்கள், அது 'ஜிஓவி டாட் இன்' என்று முடிய வேண்டும். வண்டி எண்ணோ சலான் எண்ணோ கொடுத்தால் கேஸ் இருக்கிறதா இல்லையா என்று வந்துவிடும். ரோட்டிலேயே கட்டினால் ரசீது இல்லாமல் நகராதீர்கள். ஏமாந்து பணம் போய்விட்டால் உடனே 1930 எண்ணுக்கு அழையுங்கள். எவ்வளவு சீக்கிரம் சொல்கிறீர்களோ, பணத்தை வழியிலேயே நிறுத்தி வைக்க அவ்வளவு வாய்ப்பு.