கோவாவின் மோனிக்கா மடம்

மலாக்காக் குன்றின்மீதுள்ள சென்ட் பால் ஆலயத்தின் இடிந்த சுவர்களைப் பெக்கோக்கிலிருந்து சென்று கண்டோர் நம்மிற் பலர். அதை எழுப்பிய போர்த்துக்கேயரே கோவாவில் சாந்தா மோனிக்கா கன்னியர் மடத்தையும் நிறுவினர். 1606-ஆம் ஆண்டில் ஆர்ச்பிஷப் மெனேஸஸ் தோற்றுவித்த அம்மடம் 1627-இல் கட்டி முடிந்தது. வழிகாட்டி ஒருவரைத் தனியே அமர்த்திக்கொண்டு நாம் உட்புகுந்தபோது, நடுமுற்றத்தின் அமைதியினும் புறச்சுவர்களின் திண்மையே நம் கருத்தைக் கவர்ந்தது. பெண்டிர்க்கு அது காவலுமாயிற்று, சிறையுமாயிற்று.

உள்ளேயும் சமத்துவம் இல்லை. கரிய முக்காடு பெரும்பாலும் போர்த்துக்கேய வழியினர்க்கே உரியது; இந்நாட்டுப் பெண்களுக்கோ வெள்ளை முக்காடும் பணிவிடையுமே வாய்த்தன. 1834-இல் போர்த்துக்கல் அரசு துறவியர் சபைகளைக் கலைத்தது. அதன்பின் புதிய கன்னியர் சேர வழியில்லை. கடைசிக் கன்னி 1885-இல் மறைந்தார். இன்று அங்கே கிறிஸ்தவக் கலைக் காட்சிச்சாலை விளங்குகின்றது.

துறவிலும் நிறம் பார்த்தனரே என நகைக்குமுன், மணத்திலும் பந்தியிலும் சாதி பார்க்கும் நம்மை நாமே வினவிக்கொள்ளுதல் நன்று.