டவுன்லோட் கொடுக்கும் முன்: கேம் வாங்கிய பணம் எப்போது திரும்பக் கிடைக்கும்?

நோன்புப் பெருநாள் முடிந்த வாரத்தில் எடப்பாடியிலிருந்து ஒரு சகோதரி நம்மைத் தொலைபேசியில் அழைத்தார். கணவர் தம்மாமில் வேலை பார்க்கிறார். கடந்த விடுமுறையில் வந்தபோது பிள்ளைகளுக்கு பிளேஸ்டேஷன் 5 வாங்கி வந்து, அங்கேயே திறந்த கணக்கோடு டிவியில் மாட்டிக் கொடுத்துவிட்டுப் போயிருக்கிறார். மூத்த மகன் பெருநாள் காசையெல்லாம் சேர்த்து அம்மாவிடம் கொடுத்து, 5,000 ரூபாய்க்கு கிஃப்ட் கார்டு ஒன்று கேட்டிருக்கிறான். தெரிந்தவர் சொன்ன ஒருவரிடம் வாட்ஸ்அப்பில் வாங்கியிருக்கிறார்கள். வந்த கோட் இந்தியக் கடைக்கானது. அத்தா திறந்தது சவூதிக் கணக்கு. அது ஏற்கவில்லை. விற்றவரோ கோட் அனுப்பியதோடு தன் வேலை முடிந்தது என்கிறார்.

"எங்க தெருவுல தறி ஓட்டுறவங்களுக்கு இது ஒரு வாரச் சம்பளம் அண்ணா. திரும்ப வாங்க வழியே இல்லையா?" என்று கேட்டார்.

அவருக்குச் சொன்ன பதிலைப் பின்னால் பார்ப்போம். இதே கேள்வி வேறு வேறு வடிவங்களில் பல வீடுகளிலிருந்து வருகிறது. தெரியாமல் வாங்கிவிட்டான், இரண்டு முறை பணம் எடுத்துவிட்டது, கேம் பாதியில் நின்றுவிடுகிறது, தம்பி விளையாட்டாக அழுத்திவிட்டான் என்று. கடையில் வாங்கிய சட்டையை பில்லோடு எடுத்துக்கொண்டு போய் மாற்றிவரலாம். டிஜிட்டல் கேமுக்கு அப்படிப் போய் நிற்க ஒரு கடை இல்லை. விதிகள் மட்டும்தான் இருக்கின்றன. அவற்றைப் பணம் கட்டிய பிறகுதான் பெரும்பாலும் நாம் படிக்கிறோம்.

14 நாள் என்பது எத்தனை நாள்?

பிளேஸ்டேஷன் கடையின் விதி இது: வாங்கிய நாளிலிருந்து 14 நாள்களுக்குள் பணத்தைத் திரும்பக் கேட்கலாம். இதைப் படித்ததும் நிம்மதியாகிவிடுகிறோம். விஷயம் அடுத்த வரியில் இருக்கிறது. பதிவிறக்கம் தொடங்கியிருக்கக் கூடாது. இணையம் வழியாக நேரடியாக ஓட்டியிருக்கவும் கூடாது. விளையாடினீர்களா என்பதல்ல கேள்வி, டவுன்லோட் தொடங்கியதா என்பதுதான். பணம் கட்டிய அடுத்த நொடி டவுன்லோட் கொடுக்காத பிள்ளை எந்த வீட்டில் இருக்கிறது? ஆகவே அந்த 14 நாள் நடைமுறையில் சில விநாடிகளாகச் சுருங்கிவிடுகிறது. வாங்கியதில் சிறு சந்தேகம் இருந்தாலும் டவுன்லோடைத் தொடவே வேண்டாம்.

முன்பதிவில் இன்னொரு சிக்கல் உண்டு. வெளியீட்டுக்கு 14 நாள்களுக்கு மேல் இருக்கும்போது முன்பதிவு செய்திருந்தால், வெளியாகும் நாள் வரை ரத்து செய்யலாம். அதற்குப் பிறகு பதிவு செய்தால், பணம் கட்டியதிலிருந்து 14 நாள். இரண்டுக்குமே டவுன்லோட் நிபந்தனை பொருந்தும். முன்பதிவு செய்த கேம்களை வெளியீட்டுக்குச் சில நாள்கள் முன்பே இயந்திரம் தானாக இறக்கிக்கொள்ளும் வசதி இருக்கிறது. நாம் தூங்கிக்கொண்டிருக்கும்போது அது இறங்கத் தொடங்கினாலும் வாசல் அடைபட்டுவிடும். செட்டிங்ஸில் தானியங்கி பதிவிறக்கத்தை நிறுத்தி வைப்பது நல்லது.

சந்தாவை 14 நாள்களுக்குள் ரத்து செய்தால், பயன்படுத்திய நாள்களுக்கு உரியதைக் கழித்துக்கொண்டு மீதியைத் தரலாம். வாலட்டில் ஏற்றிய பணத்தைச் செலவழிக்காமல் வைத்திருந்தால் அதற்கும் 14 நாள் அவகாசம் உண்டு. கேமுக்குள் வாங்கும் காசுகள், புள்ளிகள் போன்றவை கணக்கில் சேர்ந்துவிட்டால் திரும்பாது. வீடுகளில் அதிகம் கரையும் பணம் இதுதான் என்பதால் இதை அழுத்திச் சொல்கிறோம்.

கோரிக்கையை பிளேஸ்டேஷன் உதவிப் பக்கத்தில், அரட்டை வழியாகக் கொடுக்கலாம். கணக்கின் மின்னஞ்சல், ஆன்லைன் பெயர், வாங்கிய பொருளின் பெயர், பணம் கட்டியதற்கு வந்த மின்னஞ்சலில் உள்ள ஆர்டர் எண் ஆகியவற்றை எடுத்து வைத்துக்கொண்டு தொடங்குங்கள். அந்த மின்னஞ்சல் அத்தாவின் போனில், கடல் தாண்டிக் கிடக்கும் வீடுகள் நிறைய. அதைத் தேடி எடுப்பதற்குள்ளேயே நாள்கள் ஓடிவிடும்.

எக்ஸ்பாக்ஸில் நிலைமை சற்று இளக்கமானது. டவுன்லோட் செய்துவிட்டாலே உரிமை போய்விடுவதில்லை. வாங்கி 14 நாள்களுக்குள்ளாக இருக்க வேண்டும், எல்லாக் கணக்குகளையும் சேர்த்து விளையாடிய நேரம் மிகக் குறைவாக இருக்க வேண்டும் என்பதே அவர்கள் பார்க்கும் அளவுகோல். அண்ணன் கணக்கில் ஒரு மணி நேரம், தம்பி கணக்கில் நான்கு மணி நேரம் என்றால் ஐந்து மணி நேரமாகவே கணக்கிடுவார்கள். மைக்ரோசாஃப்ட் கணக்கில் நுழைந்து, ரீஃபண்ட் பக்கத்தில் அந்தப் பொருளைத் தேர்ந்தெடுத்துக் காரணத்தை எழுதினால் போதும். பெரும்பாலும் 72 மணி நேரத்துக்குள் பதில் வந்துவிடும். கூடுதல் பாகங்களும் சீசன் பாஸ்களும் பொதுவாக இதில் அடங்காது.

நிண்டெண்டோ கடையில் விற்றது விற்றதுதான். முன்பதிவைப் பணம் எடுப்பதற்கு முன் ரத்து செய்யலாம், அவ்வளவே.

காரணம் எழுதும் இடத்தில் உண்மையை மட்டும் எழுதுங்கள். கேமை முழுக்க முடித்துவிட்டு, ஓடவே இல்லை என்று எழுதச் சொல்லித் தரும் வீடியோக்கள் பிள்ளைகளிடம் சுற்றுகின்றன. வாங்கியவர் மனம் மாறி வரும்போது விற்றவர் திரும்ப ஏற்றுக்கொள்வதை நம் ஃபிக்ஹு நூல்கள் 'இகாலா' என்று தனியாகவே பேசுகின்றன, அதை நல்ல செயலாகவும் சொல்கின்றன. குறையுள்ள பொருளைத் திருப்பித் தருவது வாங்கியவரின் உரிமை என்பதும் அங்கே இருக்கிறது. பொய் சொல்லி வாங்கும் பணத்துக்கு இரண்டிலும் இடமில்லை. பிள்ளை எழுதும்போது பக்கத்தில் உட்கார்ந்து பாருங்கள்.

கேமே கெட்டுப்போயிருந்தால்

டவுன்லோட் செய்த பிறகு கேம் ஓடவில்லை என்றால் கதை வேறு. மேலே சொன்ன பிளேஸ்டேஷன் விதியிலேயே, பழுதான பொருளுக்கு விலக்கு உண்டு. இதற்குப் பெரிய உதாரணம் 2020 டிசம்பர் 10 அன்று வெளியான சைபர்பங்க் 2077. போலந்து நாட்டு நிறுவனம் தயாரித்த அந்த கேம் பிளேஸ்டேஷன் 4-இல் அடிக்கடி நின்றுபோனது. உலகம் முழுவதும் கூச்சல் எழுந்ததும், ஒரு வாரத்திலேயே சோனி அதைத் தன் கடையிலிருந்து நீக்கியது. டவுன்லோட் செய்து விளையாடியவர்களுக்கும் பணத்தைத் திருப்பித் தந்தது. 2021 ஜூன் 21 அன்றுதான் அது கடைக்குத் திரும்பியது. சோனியின் சொந்த வெளியீடான கான்கார்டு 2024 ஆகஸ்ட் 23 அன்று வந்து, செப்டம்பர் 6 அன்று மூடப்பட்டது. வாங்கிய எல்லாருக்கும் முழுப் பணமும் திரும்பியது.

ஆஸ்திரேலியாவில் இது நீதிமன்றம் வரை போயிருக்கிறது. டவுன்லோட் செய்துவிட்டால், அல்லது 14 நாள் தாண்டிவிட்டால், பழுதான கேமுக்குப் பணம் தர வேண்டியதில்லை என்று வாடிக்கையாளர்களிடம் சொன்னதற்காக, சோனியின் ஐரோப்பியப் பிரிவுக்கு 2020 ஜூனில் 35 லட்சம் ஆஸ்திரேலிய டாலர் அபராதம் விதிக்கப்பட்டது. டவுன்லோட் ஆனதாலோ 14 நாள் கடந்ததாலோ நுகர்வோர் உரிமை காலாவதியாகிவிடாது என்பதே அந்த வழக்கின் சாரம். அந்தத் தீர்ப்பு நம் நாட்டைக் கட்டுப்படுத்தாது. ஆனால் ஒரு நிறுவனம் தன் கடையில் எழுதி வைத்த விதியே கடைசி வார்த்தை அல்ல என்பதற்கு அது சான்று.

நம்மிடமும் சட்டம் இருக்கிறது. 2019-ஆம் ஆண்டு நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம், மின்வணிகம் என்பதற்குள் டிஜிட்டல் பொருள்களையும் பெயர் சொல்லியே சேர்த்திருக்கிறது. குறையுள்ள பொருளைத் திரும்பப் பெற மறுப்பதை, பணம் தர மறுப்பதை, நியாயமற்ற வணிக முறை என்கிறது. 2020-ஆம் ஆண்டு மின்வணிக விதிகளின்படி நிறுவனத்தின் குறைதீர்ப்பு அலுவலர் புகார் கிடைத்ததை 48 மணி நேரத்துக்குள் ஒப்புக்கொண்டு, ஒரு மாதத்துக்குள் தீர்க்க வேண்டும். வெளிநாட்டில் இருந்துகொண்டு இந்திய நுகர்வோருக்குத் தொடர்ந்து விற்கும் நிறுவனங்களுக்கும் இந்த விதிகள் பொருந்தும்.

நிறுவனத்திடம் கேட்டுப் பயனில்லை என்றால் 1915 என்ற தேசிய நுகர்வோர் உதவி எண்ணை அழையுங்கள். தமிழிலேயே பேசலாம், கட்டணம் கிடையாது. அங்கேயே தீர்ந்துவிடும் புகார்கள் உண்டு. தீராவிட்டால் மாவட்ட நுகர்வோர் ஆணையம். நிறுவனத்தின் அலுவலகம் எங்கே இருந்தாலும், புகார்தாரர் வசிக்கும் மாவட்டத்திலேயே வழக்குத் தொடரலாம் என்பது 2019 சட்டம் தந்த பெரிய வசதி. எடப்பாடிக்காரருக்கு அது சேலம். இ-ஜாக்ரிதி தளத்தில் இணையம் வழியாகவே மனு போடலாம். 5 லட்சம் ரூபாய் வரையிலான பொருளுக்குக் கட்டணம் இல்லை. வக்கீல் வைத்தே ஆக வேண்டும் என்பதும் இல்லை. கால வரம்பு இரண்டு ஆண்டு. 5,000 ரூபாய்க்கு யார் இவ்வளவு அலைவார்கள் என்று கேட்கலாம். நியாயமான கேள்விதான். 1915 வரையாவது போகலாம் என்பது நம் கருத்து.

பிள்ளை அழுத்திவிட்டால்

சிறுவர் செய்யும் ஒப்பந்தம் செல்லாது என்பது நம் நாட்டில் 1872-ஆம் ஆண்டு ஒப்பந்தச் சட்டத்திலிருந்தும், 1903-இல் மொஹரி பீபி வழக்கில் பிரிவி கவுன்சில் தந்த தீர்ப்பிலிருந்தும் நிலைத்த விஷயம். ஆனால் பல வீடுகளில் பிள்ளை விளையாடுவது அத்தாவின் கணக்கில். இல்லையென்றால், பத்து வயதுப் பையனுக்கு இருபத்தைந்து வயது என்று பிறந்த தேதி கொடுத்துத் திறந்த கணக்கில். நிறுவனத்தின் பார்வையில் வாங்கியவர் பெரியவர். பிறகு குழந்தை வாங்கியது என்று நிரூபிப்பது கடினம். சரியான பிறந்த தேதியோடு குழந்தைக் கணக்கு திறப்பது இதற்காகவும்தான்.

அமெரிக்காவில் இந்தப் பிரச்சினை பெரிதாக வெடித்தது. ஃபோர்ட்நைட் கேமை நடத்தும் எபிக் நிறுவனம், ஒரே பட்டனில் பணம் போகும்படி அமைத்ததாகவும், பெற்றோர் சம்மதமின்றிக் குழந்தைகள் வாங்க விட்டதாகவும் அந்நாட்டு வர்த்தக ஆணையம் குற்றம் சாட்டியது. 2022 டிசம்பரில் 24.5 கோடி டாலரை வாடிக்கையாளர்களுக்குத் திருப்பித் தர எபிக் ஒப்புக்கொண்டது. 2024 டிசம்பரில் முதல் தவணை போய்ச் சேர்ந்தது. அங்குள்ளவர்களுக்கு மட்டுமே அந்தப் பணம். நம் பெற்றோர் கவனிக்க வேண்டியது அந்த வழக்கில் இருந்த இன்னொரு குற்றச்சாட்டு: வங்கி வழியாகப் பணத்தைத் திரும்ப எடுத்தவர்களின் கணக்கை அந்நிறுவனம் பூட்டிவிட்டது என்பது.

இதை இங்கேயும் நினைவில் வையுங்கள். கோபத்தில் நேராக வங்கிக்குப் போய் 'சார்ஜ்பேக்' கேட்டால், கேம் நிறுவனம் கணக்கை முடக்கக்கூடும். அதில் ஏற்கெனவே வாங்கிய எல்லா கேம்களும் சேர்ந்து போய்விடும். முதலில் நிறுவனம், பிறகு 1915, கடைசியாக வங்கி. கார்டு திருடப்பட்டு யாரோ வெளியாள் வாங்கியிருந்தால் மட்டும் வரிசையைத் திருப்புங்கள்: உடனே வங்கி, உடனே 1930. மூன்று வேலை நாள்களுக்குள் தெரிவித்தால் அப்படிப்பட்ட வெளியார் மோசடியில் வாடிக்கையாளருக்கு இழப்பு இல்லை என்பது ரிசர்வ் வங்கியின் 2017-ஆம் ஆண்டு விதி. வீட்டுப் பையன் அம்மாவின் போனிலிருந்து ஓ.டி.பி. எடுத்துப் போட்டது இந்தக் கணக்கில் வராது. அதைத் திருட்டு என்று வங்கியில் எழுதிக் கொடுப்பது இன்னொரு வம்பு.

வளைகுடாக் கணக்கு

இனி அந்தச் சகோதரியின் விஷயம். பிளேஸ்டேஷன் கணக்கு எந்த நாட்டில் திறக்கப்பட்டதோ அந்த நாட்டுக்கே உரியது. பிறகு மாற்ற முடியாது. சவூதிக் கணக்குக்கு சவூதிக் கோட்தான் வேண்டும், இந்தியக் கோட் இந்தியக் கணக்கில்தான் ஏறும். டிஸ்க் கேமுக்குக் கூடுதல் பாகம் வாங்கும்போதும் டிஸ்க் எந்தப் பகுதிக்கு உரியது என்று பார்க்க வேண்டும்.

விற்றவர் பணத்தைத் தர மறுத்தாலும் அந்தக் கோட் செத்துப்போகவில்லை. யாரும் பயன்படுத்தாத கோட் அது. அதே இயந்திரத்தில் அம்மா பெயரில் இந்தியக் கணக்கு ஒன்று திறந்து, அதில் கோடை ஏற்றி, கேமை அந்தக் கணக்கில் வாங்கச் சொன்னோம். கான்சோல் பகிர்வு என்ற அமைப்பை அந்தக் கணக்குக்கு இயக்கி வைத்தால், அதே இயந்திரத்தில் உள்ள மற்றக் கணக்குகளும் அந்த கேமை விளையாடலாம். பையன் தன் பழைய கணக்கிலேயே ஆடுகிறான்.

அதோடு, அம்மா கணக்கைக் குடும்ப மேலாளராக வைத்து, இளைய மகனுக்கு உண்மையான வயதில் ஒரு குழந்தைக் கணக்கு திறந்து, மாதச் செலவு வரம்பைப் பூஜ்ஜியமாக்கி, வாங்கும்போதெல்லாம் கடவுச்சொல் கேட்கும்படியும் அமைத்தார்கள். போனில் சொல்லச் சொல்ல, எல்லாம் சேர்த்து அரை மணி நேரம் ஆனது. தம்மாமிலிருந்து அத்தா வீடியோ காலில் பார்த்துக்கொண்டிருந்தார். அடுத்த முறை வரும்போது டிஸ்க்காகவே வாங்கி வருவதாகச் சொன்னார். அவர்களுடையது டிஸ்க் போடும் இயந்திரம் என்பதால் அது நடக்கும்; எக்ஸ்பாக்ஸ் சீரிஸ் எஸ் வைத்திருப்பவர்களுக்கு அந்த வழி இல்லை. டிஸ்க் என்றால் ஆடி முடித்ததும் மச்சான் வீட்டுப் பிள்ளைகளுக்குக் கொடுக்கலாம், பாதி விலைக்காவது விற்கலாம்.