துணிவும் கணக்கும்: சேலத்து டி.ஆர். சுந்தரம்

தமிழ் சினிமாவின் வரலாற்றை எழுதுவோர் நடிகருக்கு அதிகாரம் அதிகாரமாக ஒதுக்குகிறார்கள். இயக்குநருக்கும் இசையமைப்பாளருக்கும் குறை வைப்பதில்லை. தயாரிப்பாளருக்கு மட்டும் பெரும்பாலும் 'பணம் போட்டவர்' என்ற ஒரு சொற்றொடர்தான் மிஞ்சுகிறது. மாடர்ன் தியேட்டர்ஸ் டி.ஆர். சுந்தரத்தின் படங்களை வரிசையாக வைத்துப் பார்த்தால் இந்த ஓரவஞ்சனை எவ்வளவு பெரிதென்று புரியும். எங்கே துணிவது, எங்கே துணியக் கூடாது என்று பிரித்தறிவதும் ஒரு படைப்புத்திறன்தான். அந்தத் திறன் அவருக்கு இருந்த அளவுக்கு அவர் தலைமுறையில் வெகு சிலருக்கே இருந்தது.

1907இல் திருச்செங்கோட்டில் பிறந்தவர். இங்கிலாந்தின் லீட்ஸ் நகரில் ஜவுளித் தொழில்நுட்பம் படித்தவர். ஊர் திரும்பி, ஏஞ்சல் பிலிம்ஸில் கூட்டாளியாகச் சில படங்களை எடுத்தார். தமிழ்ப் படம் எடுக்கக் கல்கத்தாவுக்கும் பம்பாய்க்கும் குழுவோடு ரயிலேற வேண்டியிருந்த காலம் அது. 1930களின் நடுவில் சேலத்தில், ஏற்காடு மலையடிவாரத்தில் மாடர்ன் தியேட்டர்ஸ் என்ற சொந்த ஸ்டூடியோவை எழுப்பினார். 1937இல் முதல் படமான 'சதி அகல்யா' வெளிவந்தது. படப்பிடிப்புத் தளம், ஒலிப்பதிவு, லேப் எல்லாம் ஒரே மதிலுக்குள். எழுத்தாளர் முதல் லைட்பாய் வரை மாதச் சம்பளம். குறித்த நேரத்துக்கு வேலை தொடங்கியாக வேண்டும்; எவ்வளவு பெரிய நடிகரானாலும் 'முதலாளி'யிடம் சலுகை கிடையாது. ஆலை நடத்தும் முறையைப் படத்தொழிலுக்குக் கொண்டுவந்தார் என்பது சரியே. அந்த ஒழுங்கால் அவருக்கு என்ன கைகூடியது என்பதுதான் பலரும் கேட்காத கேள்வி.

செலவும் நாளும் கட்டுக்குள் இருந்ததால், படத்துக்குப் படம் ஏதாவது ஒன்றைப் புதிதாகச் செய்துபார்க்க அவருக்குத் தெம்பு இருந்தது. 1938இல் மலையாளத்தின் முதல் பேசும் படமான 'பாலன்' சேலத்திலிருந்து போனது. 1940இல் 'உத்தம புத்திர'னில் பி.யு. சின்னப்பா இரட்டை வேடத்தில் நடித்தார். ஒரே சட்டகத்தில் ஒரே முகம் இரண்டாகத் தெரிய வேண்டுமென்றால், பிலிமின் ஒரு பாதியை மறைத்துப் படம்பிடித்து, அதையே பின்னோக்கிச் சுற்றி, மறுபாதியை மறுபடி எடுக்க வேண்டும். கேமரா இம்மி அசைந்தாலும் எடுத்ததெல்லாம் வீண். 1956இல் எம்.ஜி.ஆரும் பானுமதியும் நடித்த 'அலிபாபாவும் 40 திருடர்களும்' கேவா கலரில் வந்தது. தமிழின் முதல் முழுநீள வண்ணப் படம் அதுவே.

இங்கே ஒரு மறுப்பு எழும். 'உத்தம புத்திரன்' இரும்பு முகமூடிக் கதையின் வழிவந்தது. 'அலிபாபா'வோ இந்தியில் ஏற்கெனவே ஓடிய படம். அடுத்தவர் கதையை எடுத்தவருக்கு என்ன பெருமை? தழுவல் என்பதை மறுப்பதற்கில்லை. ஆனால் இரண்டுமே தொழில்நுட்பத்தில் பெரும் பந்தயங்கள். கதை தோற்காது என்று தெரிந்த இடத்தில்தான் அவர் கேமராவையும் வண்ணத்தையும் பணயம் வைத்தார். கதையையும் தொழில்நுட்பத்தையும் ஒருசேரப் பணயம் வைத்துக் கடனில் மூழ்கிய தயாரிப்பாளர்கள் நம் ஊரில் ஏராளம். வண்ணம் என்றால் அரண்மனைப் பகட்டு என்றும் அவர் நினைத்துவிடவில்லை. 1961இல் அவர் இயக்கிய 'கண்டம் பெச்ச கோட்டு' மலையாளத்தின் முதல் வண்ணப் படம். ஹஜ் பயணத்துக்காகக் காசு சேர்க்கும் ஏழைச் செருப்புத் தொழிலாளியின் கதை அது. வண்ணத்தை ஒட்டுப்போட்ட கோட்டு ஒன்றுக்குச் செலவிடத் துணிந்தவரை வெறும் வியாபாரி என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

இன்னொரு மறுப்பு இதைவிடக் கனமானது: இத்தனை கண்டிப்பில் கலைஞனுக்குச் சுதந்திரம் ஏது? 1950இல் வந்த 'மந்திரி குமாரி'யைப் பார்ப்போம். குண்டலகேசிக் கதையைத் தழுவிய மு. கருணாநிதியின் நாடகம், வசனமும் அவருடையதே. அப்போது அவருக்கு வயது 26தான். மனைவியை மலையுச்சியிலிருந்து தள்ளிவிடும் எண்ணத்தோடு கணவன் இனிக்க இனிக்க அழைத்துப் போகிறான். சாவது உறுதி என்று தெரிந்ததும் அவள் அவனை வலம்வர அனுமதி கேட்கிறாள். சுற்றிவரும்போதே அவனைத் தள்ளிவிடுகிறாள். கணவனே தெய்வமென்ற கதைகள் மலிந்திருந்த திரையில் இது சாதாரணத் துணிச்சலா? படம் முடியுமுன் இயக்குநர் எல்லிஸ் ஆர். டங்கன் அமெரிக்கா திரும்பிவிட, சுந்தரமே மீதியை இயக்கி முடித்தார். அதே ஆண்டில் பாரதிதாசனின் காவியம் 'பொன்முடி'யாகத் திரைக்கு வந்தது. நேரத்தில் கறாராக இருந்தவர் எழுத்துக்கு இடம் விட்டிருக்கிறார். இதைவிடத் தெளிவான சான்று எனக்குத் தெரியவில்லை.

எல்லாம் ஒரு மனிதரின் தலையில் நின்றது என்பதே மிஞ்சும் குறை. அதற்கு என்னிடம் முழுப் பதில் இல்லை. 1963இல் அவர் மறைந்தார். நட்சத்திரச் சம்பளமும் வெளிப்புறப் படப்பிடிப்பும் வளரவளர, மாதச் சம்பள ஸ்டூடியோ முறை தென்னகம் முழுவதுமே தளர்ந்தது. சேலம் மட்டும் தப்பியிருக்க முடியாது. அவர் மகன் ராமசுந்தரம் ஜெய்சங்கரை வைத்துத் துப்பறியும் படங்களாக எடுத்து நிறுவனத்தைக் காப்பாற்றினார். அவை நன்றாக ஓடவும் செய்தன. ஆனால் ஓடிய வகையையே திரும்ப எடுப்பது தந்தையின் முறையில் பாதிதான். கைவந்த கதையோடு கைவராத ஒன்றைச் சேர்த்துப் பார்க்கும் மறுபாதி 1963க்குப் பிறகு அந்த வளாகத்தில் தேய்ந்துவிட்டது.