பாய்காட் துரை

‘பாய்காட்’ என்றால் பகிஷ்காரம் என்று பள்ளிக்கூடத்துப் பையன்கூடச் சொல்லிவிடுவான். அது ஒரு மனிதருடைய பெயர் என்பது கல்லூரியில் கால் வைக்கும்வரை எனக்குத் தெரியாது.

அயர்லாந்தின் மேற்கே மேயோ என்று ஒரு ஜில்லா. அங்கே லார்டு எர்ன் என்ற பிரபுவின் நிலங்களுக்குக் காரியஸ்தராக இருந்தவர் கேப்டன் சார்லஸ் பாய்காட், இங்கிலாந்துக்காரர். 1879-இல் விளைச்சல் பொய்த்தது. மறு வருஷம் குடியானவர்கள் குத்தகையில் நூற்றுக்கு 25 குறைக்கச் சொன்னார்கள். பிரபு 10-க்கு மேல் இறங்கவில்லை. காரியஸ்தர் அவர்களை வெளியேற்ற நோட்டீஸ் அனுப்பினார். கொண்டுவந்தவனைப் பெண்கள் சேற்றை வாரியடித்து விரட்டினார்கள்.

அதே செப்டம்பரில் பார்னல் என்ற தலைவர் என்னிஸ் நகரத்தில் ஒரு யோசனை சொல்லியிருந்தார். வெளியேற்றப்பட்டவனுடைய நிலத்தை எவனாவது எடுத்துக்கொண்டால் அவனைக் கொல்ல வேண்டாம். கடையிலும் தெருவிலும் கோயிலிலும் அவனை ஒதுக்கிவிட்டால் போதும் என்றார். மேயோ ஜனங்கள் அதைக் காரியஸ்தர் மேலேயே பிரயோகித்தார்கள்.

வேலையாட்கள் நின்றுவிட்டார்கள். கொல்லன் வரவில்லை, துணி வெளுப்பவள் வரவில்லை. கடைக்காரர்கள் சாமான் கொடுக்கவில்லை. பயிர் அறுக்க ஆளில்லாமல் நின்றது. துரை லண்டன் ‘டைம்ஸ்’ பத்திரிகைக்குக் கடிதம் எழுதிப் புலம்பினார். வடக்கேயிருந்து 50 ஆட்கள் அறுவடைக்கு வந்தார்கள். அவர்களைக் காக்க ஏறக்குறைய 1,000 சிப்பாய்கள். சுமார் 500 பவுன் பெறும் விளைச்சலை வீட்டுக்குக் கொண்டுவர, சர்க்காருக்கு ஏறக்குறைய 10,000 பவுன் செலவு! டிசம்பர் பிறந்ததும் துரை மூட்டை கட்டிக்கொண்டு கிளம்பிவிட்டார்.

சொல் பிறந்த கதையை ரெட்பாத் என்ற அமெரிக்கப் பத்திரிகைக்காரர் எழுதியிருக்கிறார். இப்படி ஒதுக்கிவைப்பதற்கு ‘ஆஸ்ட்ரஸைஸ்’ என்று கிரேக்க வழிவந்த சொல் ஒன்று இருந்தது. அது குடியானவர்கள் வாயில் நுழையுமா? அவ்வூர்ப் பாதிரியார் ஓமாலி கொஞ்சம் யோசித்து, “பாய்காட் பண்ணுவது என்று சொல்லலாமே” என்றாராம். சில வாரங்களில் பத்திரிகைகள் அதைப் பிடித்துக்கொண்டன. பிரெஞ்சுக்கும் ஜெர்மனுக்கும் ருஷ்ய மொழிக்கும் போயிற்று. 1905-இல் வங்காளப் பிரிவினையின்போது நம் தேசத்தார் சீமைத் துணியை ஒதுக்கியதும் இந்தப் பெயரால்தான். 1897-இல் கண்ணை மூடிய பாய்காட், தம் பெயர் வினைச்சொல்லாகிவிட்டதைக் கண்ணால் பார்த்துவிட்டே போனார்.

இந்தக் கதையைப் படித்து நான் கைகொட்டிச் சிரித்தது உண்டு. ஆனால் சிரிப்பு முழுசாக வரவில்லை. நான் சிறுவனாக இருந்தபோது எங்கள் ஊரில் ஒரு குடும்பத்தை விலக்கிவைத்திருந்தார்கள். கடையில் உப்பு கிடையாது. கிணற்றடியில் யாரும் முகம் கொடுக்கமாட்டார்கள். அந்த வீட்டுப் பையன் என் வகுப்பில்தான் படித்தான். நானும் அவனோடு பேசவில்லை. அவர்களுக்குக் காவலாகச் சிப்பாய் எவனும் வரவில்லை. அவர்கள் எழுதினால் அச்சில் போடப் பத்திரிகையும் இல்லை.

செய்கை ஒன்றுதான். மேயோவில் இல்லாதவன் இருப்பவனுக்குச் செய்தான். எங்கள் ஊரில் இருப்பவன் இல்லாதவனுக்குச் செய்தான். தாழ்த்தப்பட்டோர் மீதான வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தை 2015-இல் திருத்தியபோது, அவர்களைச் சமூகத்திலும் பிழைப்பிலும் பகிஷ்கரிப்பது குற்றம் என்று சேர்த்தார்கள். ஆங்கிலச் சட்டப் பிரதியில் அதற்குப் போட்டிருக்கும் சொல் ‘பாய்காட்’ தான்.

துரையின் பெயரை அங்கே பார்த்தபோது எனக்கு அவர் ஞாபகம் வரவில்லை. என் வகுப்புப் பையனின் முகம்தான் வந்தது.