ஆட்டுக்கு ஓரணா, யானைக்கு இரண்டு ரூபாய்

பவுண்டு என்றால் இன்றைய பிள்ளைகள் இங்கிலாந்துப் பணம் என்று நினைக்கிறார்கள். நம் வயதுக்காரர்களுக்குத் தெரியும், அது ஊர்க்கோடியில் இருந்த தொழுவம். அடுத்தவர் தோட்டத்தில் வாய் வைத்த ஆடு மாடுகளைப் பிடித்து அடைக்கும் இடம்.

அதற்கு ஆதாரம் 1871-ஆம் வருடத்துக் கால்நடை அத்துமீறல் சட்டம். தாலுகா ஆபீஸில் வேலை பார்த்தபோது அதைப் பலமுறை புரட்டியிருக்கிறேன். அதன் பழைய அபராதப் பட்டியல் படிக்கச் சுவையாக இருக்கும். யானைக்கு 2 ரூபாய், ஒட்டகத்துக்கும் எருமைக்கும் 8 அணா, குதிரைக்கும் மாட்டுக்கும் 4 அணா, கன்றுக்குட்டி, கழுதை, பன்றிக்கு 2 அணா. கடைசி வரியில் செம்மறி, வெள்ளாடு, குட்டி எல்லாவற்றுக்கும் ஓரணா. தீவனச் செலவு தனி. 7 நாள் யாரும் கேட்டு வராவிட்டால் போலீசுக்குத் தகவல் போகும், தமுக்கு அடித்து அறிவிப்பார்கள். இன்னும் 7 நாள் பார்த்துவிட்டு ஏலம். ஆனால் பிடித்துப்போகும் ஆட்டை வழிமறித்துப் பறித்தால் 6 மாதம் வரை ஜெயில் அல்லது 500 ரூபாய் வரை அபராதம். ஆடு செய்தால் ஓரணா, ஆள் செய்தால் ஐந்நூறு! வெள்ளைக்காரன் கணக்கு அப்படி.

அன்றைய ராமநாதபுரம் ஜில்லாவில் எங்கள் தெருக்கோடியில் ஓர் ஆச்சி இருந்தார். இளவயதிலேயே கணவரை இழந்தவர். ஐந்து கன்னி ஆடுகள் வைத்திருந்தார். கறுத்த உடம்பு, முகத்தில் இரண்டு வெள்ளைக்கோடு, பார்க்கவே லட்சணம். அதில் இரண்டு வாரத்துக்கு வாங்கியவை. அதாவது தாய் ஆடு மளிகைக்கடைக்காரருடையது, மேய்த்து வளர்ப்பது ஆச்சி, ஈனும் குட்டிகளில் ஆளுக்குப் பாதி. ஐந்து மாதச் சினை, பெரும்பாலும் இரட்டைக்குட்டி. மகள் பிரசவத்துக்கு ஒரு கிடாய், மகனுக்குப் பள்ளிச் சம்பளம் கட்ட ஒரு குட்டி என்று போகும். பேங்க் பக்கமே போகாத ஆச்சிக்கு அதுதான் பாஸ்புக்.

தீவனத்துக்குக் காசு கிடையாது. வீட்டுக்கு வீடு கழுநீர், வாழைப்பழத்தோல், வேலியோரத்துப் பூவரசு, காலி மனைகளில் வேலிக்காத்தான் நெற்று. மைதாப் பசை ருசிக்காகச் சினிமா போஸ்டரையும் விட்டுவைக்காது. பதிலுக்கு, தாய்ப்பால் போதாத குழந்தைக்கென்று கேட்டால் ஆச்சி பால் கொடுப்பார், காசு வாங்கமாட்டார். டாக்டர்கள் இன்று அது கைக்குழந்தைக்கு ஏற்றதல்ல என்கிறார்கள். அன்று எங்களுக்கு வேறு வழி இல்லை.

சண்டை வராமல் இல்லை. ஒரு வாத்தியார் வீட்டு ரோஜாச்செடியை ஆடு மொட்டையடித்து, அவர் நேரே பவுண்டில் கொண்டுபோய்விட்டார். ஆச்சி முந்தானையில் முடிந்த சில்லறையைக் கட்டி ஆட்டை ஓட்டிவந்தார். மறுவாரமே வாத்தியார் முள்வேலி கட்டினார். விஷயம் அதோடு முடிந்தது. அந்தச் சட்டத்தில் எனக்குப் பிடித்தது இதுதான்: தண்டனை கட்டிய பிறகு ஆடு வீட்டுக்குத் திரும்பும்.

பிறகு காலி மனைகளெல்லாம் வீடாயின. காம்பவுண்டுச் சுவர்மேல் கண்ணாடிச்சில் பதித்தார்கள். கழுநீர் சாக்கடைக்குப் போயிற்று. 1997-ல் நகரங்களில் கால்நடை, பறவை வளர்ப்பை முறைப்படுத்தத் தமிழக அரசு தனிச் சட்டம் போட்டது, உரிமம் வேண்டும் என்றது. அப்போது ஆச்சி இல்லை, மருமகள் மூன்று ஆடு வைத்திருந்தாள். புழுக்கை, நாற்றம் என்று தெருவாசிகள் மனு எழுதினார்கள். நாற்றம் பொய்யில்லை, மழைக்காலத்தில் எங்கள் வாசல்வரை வரும். என்னிடமும் கையெழுத்துக் கேட்டார்கள், நான் போடவில்லை. போட்டவர்களில் ஒருவர் ஆச்சி கொடுத்த ஆட்டுப்பாலில் வளர்ந்தவர். அவருக்கு அது தெரியுமோ என்னவோ, அவருடைய அம்மாவுக்குத் தெரியும்.

நோட்டீஸ் வந்தது. உரிமம் கேட்க அவளுக்குத் தனிக்கொட்டகை போட இடமில்லை. மூன்றையும் சந்தையில் விற்றாள்.

2011-ல் அரசு ஏழைப் பெண்களுக்கு ஆளுக்கு 4 ஆடு விலையில்லாமல் கொடுக்க ஆரம்பித்தது. நல்ல திட்டம். மருமகள் என்னிடம் வந்து விசாரித்தாள். அது கிராமப்புறத்துக்கு மட்டும்தான் அம்மா, நம் தெரு நகராட்சியில் வருகிறது என்று சொன்னேன்.